எதிர் வீட்டுக் கதவு

(நாக்பூரில் நடைபெற்ற உறுப்பினர் குடும்பச் சந்திப்பில் ஆற்றிய உரை)

 

'நான் பார்த்த நல்ல படம்' பற்றிப் பத்து நிமிஷம் பேசும்படி செயலாளர் பணித்திருக்கிறார். பாட்டும் சண்டையும் இல்லாத ஒரு டாக்குமெண்டரியைப் பற்றிச் சொல்லப் போகிறேன். பொறுத்தருள வேண்டும்.

எடுத்தவர் ஆக்னஸ் வார்தா என்ற பெண்மணி. 1928-ல் பெல்ஜியத்தில் பிறந்தவர். 1951 முதல் 2019-ல் காலமாகும் வரை பாரிஸில் டாகெர் தெருவில் வசித்தார். 1972-ல் அவருக்கு மகன் பிறந்தான். சிறு குழந்தையை விட்டுவிட்டு வெளியூர் போய்ப் படமெடுக்க முடியவில்லை. என்ன செய்தார் தெரியுமா? தம் வீட்டு மின்சாரத்திலிருந்தே ஒரு கேபிளை இழுத்தார். நூறு மீட்டர்கூட இராது. அது எட்டும் தூரத்தில் இருக்கிற கடைக்காரர்களை மட்டுமே படமெடுப்பது என்று தீர்மானித்தார். 'டாகெரோடைப்ஸ்' என்ற அந்தப் படம் 1970-களின் நடுவில் வந்தது.

ரொட்டிக் கடைக்காரர், தையற்காரர், கசாப்புக் கடைக்காரர், முடிதிருத்துபவர். எல்லாம் அன்றாடம் பார்க்கிற முகங்கள்தான். கேள்விகளும் எளியவை. எந்த ஊரிலிருந்து வந்தீர்கள்? பாரிஸுக்கு எப்போது வந்தீர்கள்? மனைவியை எங்கே சந்தித்தீர்கள்? தூக்கத்தில் என்ன கனவு வரும்? பலரும் பிழைப்புக்காகக் கிராமத்தை விட்டு வந்தவர்கள். தஞ்சாவூரிலிருந்தும் பாலக்காட்டிலிருந்தும் வந்து சேர்ந்த நம் கதைதான்!

அதில் வாசனைத் திரவியம் விற்கும் ஒரு வயோதிகத் தம்பதி வருகிறார்கள. அந்த அம்மாளுக்கு ஞாபகம் தப்பிவிட்டது. பொழுது சாய்ந்தால் எங்கோ புறப்பட வேண்டும் போலக் கடைக் கதவருகே வந்து நிற்பார். வார்தா ஒன்றும் விளக்கவில்லை. பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருக்கிறார். அவ்வளவுதான்.

அந்தக் காட்சியில் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. எங்கள் எதிர் வீட்டில் ஒரு மராட்டிய ஆஜி இருந்தார். மாலை ஆறு மணிக்குக் கையில் பையோடு மாடிப்படியருகே நிற்பார். "பஸ் போய்விட்டதா?" என்று கேட்பார். "இங்கே பஸ் வராது, ஆஜி" என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திக்கொள்வேன். எந்த பஸ், எந்த ஊருக்கு என்று ஒரு நாளும் கேட்கவில்லை. பிறகு அவர் மகன் வந்து அழைத்துப் போய்விட்டார். நான் படம் பார்த்தது அதற்கப்புறம்தான். இனி யாரிடம் கேட்பது?

நம்மவர் ஒருவரைக் கண்டால் ஐந்தே நிமிஷத்தில் ஊர், கோத்திரம், அத்தை பெண்ணைக் கொடுத்த இடம் வரை விசாரித்துவிடுகிறோம். அந்தச் சாமர்த்தியம் எதிர் வீட்டுக் கதவருகே ஏன் மறந்துபோகிறது?

ஆஜியின் வீட்டுக்குப் புதிதாக ஒருவர் குடிவந்திருக்கிறார். வயது எழுபதுக்கு மேல். தனியாள். போன வாரம் மணியடித்து, "உங்களுக்கு எந்த ஊர்?" என்று கேட்டேன். ராஜ்நாந்த்காவ் என்றார். காபி ஆறிப்போகும்வரை பேசிக்கொண்டிருந்தார். கிளம்பும்போது, "நாளைக்கும் வருவீர்களா?" என்றார்.

போனேன். உங்கள் வீட்டுக் கேபிள் எட்டும் தூரத்தில் யார் இருக்கிறார் என்று நீங்களும் பாருங்கள்.