நர்சுகளுக்கு ஒழுக்கம் கற்பிப்பது எப்படி?

(அச்சன்புதூர் பொதுக்கூட்டத்தில் செய்த சொற்பொழிவு)



சாரல் விட்டுவிட்டு அடிக்கும் இந்த மாலையில், வயல் வேலையை முடித்துக்கொண்டு வீட்டுக்குப் போகாமல் இவ்வளவு பேர் இங்கு வந்து உட்கார்ந்திருப்பதைப் பார்க்க நமக்கு மிக்க மகிழ்ச்சியாயிருக்கின்றது. இன்று நாம் பேச எடுத்துக்கொண்டது கோவிலைப் பற்றியதுமல்ல, புராணத்தைப் பற்றியதுமல்ல. நர்சுப் படிப்புப் படிக்கும் பெண்களுக்கு ஒழுக்கம் என்பதை எப்படிக் கற்பிப்பது என்பதே விஷயம். "இது நமக்கெதற்கு? காலேஜில் இருக்கிறவர்கள் பார்த்துக்கொள்ள மாட்டார்களா?" என்று சிலர் நினைக்கக்கூடும். இந்தப் பக்கத்தில் நஞ்சையை ஒத்தி வைத்தும், நகையை அடகு வைத்தும் பெண்ணை இந்தப் படிப்புக்கு அனுப்பியிருக்கிற குடும்பங்கள் உண்டு. அனுப்பாதவர்களும் என்றைக்காவது ஒரு நாள் தென்காசி ஆஸ்பத்திரியிலோ திருநெல்வேலி ஆஸ்பத்திரியிலோ ஒரு நர்சின் கையில் உயிரை ஒப்படைத்துவிட்டுப் படுத்திருக்கப் போகிறவர்கள்தான். ஆகையால் இது உங்கள் விஷயமேயாகும்.

நமது ஜனங்கள் ஒரு நர்சை ‘ஒழுக்கமானவள்’ என்று எப்பொழுது சொல்லுகிறார்கள்? குனிந்த தலை நிமிராமல் இருக்க வேண்டும். டாக்டர் வந்தால் எழுந்து நிற்க வேண்டும். சொன்னதைச் செய்ய வேண்டும், ஏன் என்று கேட்கக் கூடாது. ஆண்பிள்ளைகளோடு சிரித்துப் பேசக் கூடாது. இருட்டுமுன் விடுதிக்குத் திரும்பிவிட வேண்டும். இவ்வளவும் இருந்துவிட்டால் ஒழுக்கம் பூரணமாகிவிட்டதாம். ஊசியை மாற்றிப் போட்டாளா, போட்டதை மறைத்தாளா, காசுள்ளவனுக்கு முதலில் கட்டுக் கட்டிவிட்டு இல்லாதவனைக் காக்க வைத்தாளா என்கின்ற கேள்விகள் இந்த ஒழுக்கத்தில் சேரவே இல்லை. பெண்ணின் ஒழுக்கத்தை அவள் உடையிலும் நடையிலும் தேடிப் பழகிவிட்ட நாட்டில் இப்படித்தானிருக்கும்.

சரி, காலேஜிலாவது வேறு விதமாய் இருக்கின்றதா என்று பார்ப்போம். அங்கே படிப்புத் தொடங்கும் காலத்தில் விளக்கேற்றும் சடங்கு ஒன்று நடக்கின்றது. பெண்கள் வரிசையாய் நின்று ‘நைட்டிங்கேல் பிரமாணம்’ என்பதை ஒப்பிக்கிறார்கள். இந்தப் பிரமாணத்தை நைட்டிங்கேல் அம்மையார் எழுதவில்லை. 1893-ல் அமெரிக்காவில் டெட்ராய்ட் நகரத்தில் லிஸ்ட்ரா கிரெட்டர் என்னும் அம்மையாரும் அவரோடு சேர்ந்த ஒரு குழுவினரும் எழுதியது. கடவுள் முன்னிலையில் என்று ஆரம்பித்து, வைத்தியருக்கு விசுவாசமாயிருந்து உதவுவது என்கின்ற வரையில் அது போகின்றது. கெட்ட எண்ணத்தோடு எழுதினார்கள் என்று நாம் சொல்ல வரவில்லை; தெரிந்து தீங்கான மருந்தைக் கொடுப்பதில்லை என்பதும் அதிலிருக்கின்றது. ஆனால் அந்த மருந்தைக் கொடுக்கும்படி அந்த வைத்தியரே சொன்னால் என்ன செய்வது என்பதற்கு அதில் பதிலில்லை. சர்வதேச நர்சுகள் கவுன்சில் என்பது 1953-ல் செய்த நெறிமுறையிலும் வைத்தியரின் உத்தரவை விசுவாசத்தோடு நிறைவேற்றுவது கடமை என்றே வைத்திருந்தார்கள். 1973-ல்தான் அதை எடுத்துவிட்டு, நர்சின் முதற் பொறுப்பு கவனிப்பு வேண்டி நிற்கும் மனிதர்களிடத்தில் என்று மாற்றினார்கள். பிரமாணம் எழுதியதிலிருந்து இந்த ஒரு வரி மாறுவதற்குச் சரியாக 80 வருஷம் பிடித்தது.

நைட்டிங்கேல் அம்மையார் செய்த பெரிய காரியம் விளக்கைத் தூக்கிக்கொண்டு நடந்ததல்ல. 1854-ல் 38 நர்சுகளோடு கிரிமியா யுத்தத்து ஆஸ்பத்திரிக்குப் போனவர், செத்தவர்களை எண்ணிக் கணக்கெழுதினார். குண்டடியால் செத்தவர்களைவிட, அசுத்தத்தாலும் தொத்து நோயாலும் செத்த சிப்பாய்களே அதிகம் என்பதைப் படம் போட்டுச் சர்க்காருக்கு முன் வைத்தார். பட்டாளத்து அதிகாரிகளுக்கு அது பிடிக்கவில்லை. (அவரும் 1860-ல் லண்டனில் தாம் ஆரம்பித்த பள்ளிக்கூடத்துப் பெண்களிடம் கீழ்ப்படிதலைக் கடுமையாக வற்புறுத்தியவர்தான் என்பதையும் சொல்லிவிடுகிறோம். பெரியவர்கள் செய்ததெல்லாம் சரி என்று நாம் சொல்லப் போவதில்லை.) அதிகாரிகளைக் கேள்வி கேட்ட ஒரு ஸ்திரீயின் பெயரை வைத்துக் கேள்வி கேட்காமலிருக்கப் பழக்குவது எவ்வளவு வேடிக்கை பாருங்கள்!

நிற்க. இந்தக் கீழ்ப்படிதல் என்பது என்ன செய்யும் என்பதற்கு ஒரு பரீட்சை நடந்திருக்கின்றது. அதைக் கொஞ்சம் விவரமாகவே சொல்லுகிறோம், கவனமாய்க் கேளுங்கள்.

1966-ல் அமெரிக்காவில் ஹாஃப்லிங் என்னும் மனநோய் வைத்தியரும் அவருடைய கூட்டாளிகளும் இதை வெளியிட்டார்கள். ஆஸ்பத்திரியில் வேலை பார்த்துக்கொண்டிருக்கும் நர்சுக்கு டெலிபோன் வருகின்றது. பேசுகிறவர் தம்மை ஒரு டாக்டர் என்று சொல்லிக்கொள்ளுகிறார். நர்சு அவரைப் பார்த்ததே இல்லை. "இன்ன நோயாளிக்கு அஸ்ட்ரோடென் என்கின்ற மருந்து 20 மில்லிகிராம் கொடுத்துவிடு, நான் பின்னால் வந்து கையெழுத்துப் போடுகிறேன்" என்கிறார். மருந்துப் பெட்டியின் மேலேயே, ஒரு நாளைக்கு 10 மில்லிகிராமுக்கு மேல் கூடாது என்று அச்சிட்டிருக்கின்றது. டெலிபோன் உத்தரவில் மருந்து கொடுக்கக் கூடாது என்பது ஆஸ்பத்திரிச் சட்டம். அந்த மருந்து அங்கே அனுமதித்த மருந்துமல்ல. இவ்வளவு தடை இருந்தும் 22 நர்சுகளில் 21 பேர் மருந்தை எடுத்துக்கொண்டு நோயாளியின் படுக்கையை நோக்கிப் புறப்பட்டுவிட்டார்கள். மருந்து வெறும் சர்க்கரைதான். பரீட்சை செய்தவர்கள் வழியில் நிறுத்திவிட்டார்கள்.

இனிமேல்தான் முக்கியமான சங்கதி. இதே நிலைமையை எழுத்தில் எழுதி, வேறு 21 நர்சு மாணவிகளிடம் கொடுத்து, "நீ என்ன செய்வாய்?" என்று கேட்டார்கள். 21 பேரும், ஒருவர் பாக்கியில்லாமல், "கொடுக்க மாட்டேன்" என்று எழுதினார்கள். ஆக, காகிதத்தில் 21-க்கு 21 ஒழுக்கம். வார்டில் 22-க்கு ஒன்று! பரீட்சைத்தாளில் வருகின்ற ஒழுக்கத்தை நம்பி எந்தக் காலேஜாவது மார்க்குப் போடுமானால், அது எதற்கு மார்க்குப் போடுகின்றது என்று யோசித்துப் பாருங்கள்.

அந்த 21 நர்சுகளும் கெட்டவர்களா? அல்லவே அல்ல. நோயாளியைக் கொல்ல வேண்டுமென்று அவர்களில் ஒருவரும் நினைக்கவில்லை. கேட்கிற வழக்கம் அவர்களுக்கு இல்லை, அவ்வளவுதான். 1977-ல் ராங்க், ஜேக்கப்சன் என்னும் இருவர் இதைக் கொஞ்சம் மாற்றிச் செய்து பார்த்தார்கள். நர்சுகளுக்கு நன்றாய்த் தெரிந்த வாலியம் என்கின்ற மருந்தை அளவுக்கு மிஞ்சிக் கொடுக்கச் சொன்னார்கள். பக்கத்திலிருக்கும் மற்ற நர்சுகளோடு கலந்து பேசுவதற்கும் இடமிருந்தது. 18 பேரில் 2 பேரே கொடுக்கத் தயாரானார்கள். மருந்தைப் பற்றிய அறிவும், யோசனை கேட்க ஒரு தோழியும் இருந்ததில் எவ்வளவு வித்தியாசம் பாருங்கள்!

மனிதனுக்கு ஒழுக்க புத்தி எப்படி வளருகின்றது என்பதை ஆராய்ந்தவர்களில் கோல்பர்க் என்பவர் பேர் பெற்றவர். அவர் 1958-ல் சிகாகோ பக்கத்துப் பையன்கள் 72 பேரைக் கேள்வி கேட்டு ஆராய்ந்து, ஒழுக்கம் படிப்படியாய் ஏறுகிறதென்று சொன்னார். நம் பாஷையில் சொல்லுவதானால், முதலில் பிள்ளை அடிக்குப் பயந்து நடக்கின்றது. பிறகு எனக்கென்ன கிடைக்கும் என்று பார்த்து நடக்கின்றது. அதற்கு மேல் ‘நாலு பேர் என்ன சொல்லுவார்கள்’ என்று நடக்கின்றது. அதற்கும் மேல் சட்டம், அதிகாரம் என்று நடக்கின்றது. கடைசியாகத்தான், சட்டமே தப்பாயிருந்தாலும் எது நியாயம் என்று தன் புத்தியால் பார்க்கின்றது. இந்தக் கடைசிப் படிக்கு வந்து சேருகிறவர்கள் கொஞ்சம் பேர்தானாம். அவருடைய அளவுகோலில் பெண்கள் அநேகமாய் மூன்றாம் படியிலேயே நின்றுவிடுவதாகச் சொல்லப்பட்டது. கரோல் கில்லிகன் என்னும் அம்மையார் 1982-ல் இதை மறுத்துப் புத்தகம் எழுதினார். பையன்களை மாத்திரம் வைத்துச் செய்த கோலைக் கொண்டு பெண்களை அளப்பது என்ன நியாயம், இன்னொருவருடைய கஷ்டத்தைக் கண்டு கவனிப்பதும் ஒரு ஒழுக்க அறிவல்லவா என்று கேட்டார். நியாயமான கேள்வியே. ஆனால் நமக்கு அந்த மூன்றாம் படியைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டியிருக்கின்றது.

நம் நாட்டுப் பெண்களை அந்தப் படியில் கட்டிப் போட்டிருப்பது யார்? தாய் தகப்பன்மாராகிய நீங்கள்தான். பிறந்தது முதல், வாயை மூடு என்கிறீர்கள். அண்ணன் தட்டில் மீன் அதிகம் விழுந்தால் ஏன் என்று கேட்கக் கூடாது. மாப்பிள்ளை யாரென்று கேட்கக் கூடாது. மாமியார் சொன்னால் மறுவார்த்தை கூடாது. இப்படிப் 17 வருஷம் கழுத்தை வளைத்து வளர்த்துவிட்டு, நாலு வருஷம் காலேஜில் விட்டு, பிறகு ராத்திரி இரண்டு மணிக்கு ஒரு பெரிய டாக்டர் தூக்கக் கலக்கத்தில் தப்பான அளவைச் சொல்லும்போது, "ஐயா, இது அதிகமாயிருக்கிறதே" என்று அந்தப் பெண் சொல்லிவிடுவாள் என்று எதிர்பார்க்கிறீர்களே, அந்தத் தைரியம் அவளுக்கு எங்கிருந்து வரும்? படுக்கையில் கிடப்பது நீங்களாயிருந்தால் அவள் வாய் பேசவேண்டுமென்று உங்களுக்குத் தோன்றும். அவள் உங்கள் வீட்டுப் பெண்ணாயிருந்தால் மாத்திரம் பேசக் கூடாதென்று தோன்றுகின்றது!

இந்தத் தொழிலுக்கே நம்மவர்கள் பெண்களை அனுப்பாமலிருந்த காலமும் உண்டு. சென்னை ஜெனரல் ஆஸ்பத்திரியில் 1871-லேயே பயிற்சி ஆரம்பித்தார்கள். என்றாலும் இரத்தத்தையும் மலத்தையும் தொடுவது தீட்டு, அந்நிய புருஷனைத் தொடுவது அதைவிடத் தீட்டு என்று ஜாதி இந்துக்கள் ஒதுங்கியே நின்றார்கள். கிறிஸ்தவப் பெண்களும் ஆங்கிலோ இந்தியப் பெண்களுமே பெரும்பாலும் முன்வந்தார்கள். பலன் என்ன? 1946-ல் போர் கமிட்டியார் கணக்கெடுத்தபோது இந்தியாவில் சுமார் 7,000 நர்சுகளே இருந்தார்கள். 43,000 பேருக்கு ஒரு நர்சு! தீட்டு என்பது எத்தனை உயிரைத் தின்றது என்று எவரும் கணக்கெழுதவில்லை.

இப்பொழுது தீட்டுப் போய், ‘தெய்வம்’ என்கிறார்கள். நர்சு கண்கண்ட தெய்வமாம். கொரோனாக் காலத்தில் கைதட்டினார்கள், பூத் தூவினார்கள். நம் மாகாணத்திலேயே ஒப்பந்தத்தில் எடுக்கப்பட்ட நர்சுகள் 7,700 ரூபாய்ச் சம்பளத்தில் வேலை செய்துவிட்டு, எங்களை நிரந்தரமாக்குங்கள் என்று 2017 நவம்பரில் சென்னையில் உட்கார்ந்து போராட வேண்டியிருந்தது. தெய்வத்துக்கு மாதச் சம்பளம் எதற்கென்று நினைத்துவிட்டார்கள் போலும்! தன்னுடைய நியாயத்தைக் கேட்டால் ஒழுக்கம் கெட்டவள் என்று சொல்லப்படும் பெண், நோயாளியினுடைய நியாயத்தை யாரிடம் போய்க் கேட்பாள்?

இனி, கற்பிப்பது எப்படி என்பதற்கு வருவோம். 2021-ல் வெளியான இந்திய நர்சிங் கவுன்சிலின் பட்டப்படிப்புப் பாடத்திட்டத்தில் நன்னெறிக்கென்று தனிப் பாடமே வைத்திருக்கிறார்கள். 20 மணி நேரம். வைத்தது நல்லதே. ஆனால் உபாத்தியாயர் சொல்ல, மாணவிகள் எழுதி, மனப்பாடம் செய்து கக்குவதாயிருந்தால் 200 மணி நேரம் வைத்தாலும் நாம் முன்னே சொன்ன 21-க்கு 21 தான் வரும். வார்டில் நடக்கின்ற விஷயத்தைக் கொண்டுவந்து நடுவில் போட்டு விவாதிக்கச் செய்ய வேண்டும். பிரசவமான வீட்டாரிடம் ஆண் குழந்தை என்றால் ஒரு தொகை, பெண் குழந்தை என்றால் அதில் பாதி என்று வேலையாள் கை நீட்டுகிறான். பார்த்துக்கொண்டிருக்கும் மாணவி என்ன செய்வது? புற்று நோய் என்று நோயாளியிடம் சொல்லாதே என்று மகன் கெஞ்சுகிறான், நோயாளியோ, "அம்மா, எனக்கு என்ன?" என்று கையைப் பிடித்துக் கேட்கிறார், என்ன பதில் சொல்லுவது? இவைகளுக்குப் புத்தகத்தின் பின்பக்கத்தில் விடையில்லை.

பம்பாய் கே.இ.எம். ஆஸ்பத்திரியில் அருணா ஷான்பாக் என்னும் நர்சு 1973-ல் அங்கே வேலை பார்த்த ஒருவனால் தாக்கப்பட்டு, மூளை கெட்டு, 2015-ல் இறக்கும் வரையில் 42 வருஷம் படுக்கையில் கிடந்தார். அவ்வளவு காலமும் அந்த ஆஸ்பத்திரி நர்சுகள், அவரை நேரில் அறியாத அடுத்த தலைமுறைப் பெண்கள் உட்பட, படுக்கைப் புண் வராமல் பார்த்துக்கொண்டார்கள். அவரைச் சாக விட்டுவிடுவதே தயை என்று ஒருவர் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார். நர்சுகள் கூடாதென்றார்கள். 2011-ல் கோர்ட்டார் நர்சுகள் பக்கம் தீர்ப்புச் சொன்னார்கள். ஆனால் தக்க பாதுகாப்புகளோடு சிகிச்சையை நிறுத்திக்கொள்ளலாம் என்கின்ற வழியையும் அதே தீர்ப்பில் திறந்துவிட்டார்கள். யார் சொன்னது சரி? இரண்டு பக்கத்திலும் காரணமிருக்கின்றது. இதை வகுப்பில் வைத்து இரண்டு மணி நேரம் மாணவிகளைச் சண்டை போட விடுங்கள். அதில் வருகின்ற புத்தி விளக்கேற்றுவதில் வராது.

இன்னொன்றும் வேண்டும். தப்புச் செய்தவள் தானே வந்து சொன்னால் அவளை மற்றவர்கள் முன்னால் வைத்து அவமானப்படுத்தும் ஆஸ்பத்திரியில், அடுத்த தப்பை எவளும் சொல்ல மாட்டாள். 2018-ல் நமக்கு அடுத்த விருதுநகர் ஜில்லாவில் சாத்தூரில் ஒரு கர்ப்பிணிக்கு எச்.ஐ.வி. கலந்த இரத்தம் ஏற்றப்பட்டதை மறந்திருக்க மாட்டீர்கள். அது எப்படி வெளியே வந்தது? இரத்தம் கொடுத்த இளைஞன், தனக்கு நோய் இருப்பது தெரிந்தவுடன் தானாகவே போய்ச் சொன்னதால் வந்தது. சோதிக்கிற பொறுப்பிலிருந்தவர்கள் கோட்டைவிட்ட இடத்தில், பிரமாணமே எடுக்காத ஒரு கிராமத்துப் பையன் அதைச் செய்தான்.

நேரமாகிவிட்டது. இரண்டு சீட்டுகள் வந்திருக்கின்றன. "நர்சு டாக்டரை எதிர்க்க ஆரம்பித்தால் ஆஸ்பத்திரி நடக்குமா?" என்று ஒன்று. நாம் எதிர்க்கச் சொல்லவில்லை, கேட்கச் சொல்லுகிறோம். வாயால் சொன்ன உத்தரவை அப்படியே திருப்பிச் சொல்லி, "20 தானே ஐயா? எழுதிக் கொடுங்கள்" என்பதற்கு அரை நிமிஷம் பிடிக்கும். நல்ல டாக்டர்கள் அதை விரும்பவே செய்கிறார்கள்.

மற்றொரு சீட்டு: "இப்படிக் கேள்வி கேட்கப் பழகிய பெண்ணை எவன் கட்டிக்கொள்வான்?" எழுதிய தோழர் பெயர் போடவில்லை. பெண்ணின் தகப்பனாரோ, பெண் தேடுகிறவரோ தெரியவில்லை. தகப்பனாராயிருந்தால், வேலைக்குப் போய்ச் சம்பாதிக்கும் பெண்ணுக்கு மேலும் நகை போட்டு யாரிடமாவது தள்ளிவிட வேண்டுமென்று அவசரப்படுவானேன் என்று கேட்கிறோம். பெண் தேடுகிறவராயிருந்தால் தயவுசெய்து மேடைக்கு வரவேண்டும். அவர் கட்சியை அவரே சொல்லப் பத்து நிமிஷம் கொடுக்கத் தலைவர் இசைவார். கடைசி பஸ்ஸுக்கு இன்னும் முக்கால் மணி நேரம் இருக்கின்றது.