உயிர்த்துணை
(இந்து இளைஞர் மன்ற ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)



'உயிர்த்துணை' என்னும் பொருள்பற்றிப் பேசுமாறு மன்றத்தார் என்னைப் பணித்தனர். இளைஞரின் காதுக்கு இனிக்கும் தலைப்பு இது. பெற்றோர் சிலருக்கோ நெஞ்சிற் சிறிது கலக்கத்தையும் உண்டாக்கும். இரு சாராரும் ஒரே பந்தலில் அமர்ந்திருக்கும் வேளையில் இதனைப் பேசுவதே நன்று.

தனக்கென ஓர் உயிர் எங்கோ பிறந்திருக்கின்றது, கண்ட மாத்திரத்தில் நெஞ்சு அதனை அறிந்துகொள்ளும் என்று பலர் நம்புகின்றனர். இது புதிய எண்ணமன்று. கிரேக்க ஞானி பிளேட்டோவின் நூலொன்றிலே அரிஸ்டோபனீஸ் என்பார் ஒரு கதை சொல்கிறார். ஆதியில் மனிதர் இரட்டை உடலினராய் இருந்தனராம். தேவராசனாகிய சீயுஸ் அவர்களை இரண்டாகப் பிளந்தானாம். அன்றுதொட்டு ஒவ்வொரு பாதியும் தன் மறுபாதியைத் தேடி அலைகின்றதாம்.

நம்மிடத்தும் பாதியைப் பற்றிய கதை ஒன்று உண்டு. பிருங்கி முனிவர் இறைவனை மாத்திரம் வலம்வந்து வணங்கினார். அதுகண்டு வருந்திய அம்மை, கௌதம முனிவர் சொற்படி நோன்பிருந்து இறைவன் திருமேனியில் இடப்பாகம் பெற்றாள். புரட்டாதி வளர்பிறைத் தசமி தொடங்கி ஐப்பசி அமாவாசை வரை 21 நாள் நம் வீடுகளில் நோற்கப்படும் கேதாரகௌரி விரதம் இதனை நினைவூட்டுவதே. இரண்டு கதைகளையும் அருகருகே வைத்துப் பாருங்கள். கிரேக்கர் கதையிலே பாதி தொலைந்துபோனது, ஆகவே தேடவேண்டும். நம் கதையிலே பாதி கொடுக்கப்பட்டது. ஒருவர் தவமிருந்தார், மற்றவர் தம்மிற் பாதியை விட்டுக் கொடுத்தார். உயிர்த்துணை என்பது தேடிக் கண்டெடுக்கும் பொருளன்று. கொடுத்துப் பெறும் பொருள் என்பதே என் கருத்து.

இதற்குச் சான்று தேடி வெகுதூரம் போகவேண்டியதில்லை. செட்டிபாளையம் தொட்டுத் தெற்கே காரைதீவு, தம்பிலுவில் வரை கண்ணகை அம்மன் கோயில் கொண்ட நாடு நம் நாடு. அவள் கதையை நாம் அறிவோம். ஆயினும் ஆழ்ந்து எண்ணுவது குறைவு.

கண்ணகிக்கு 12 வயது, கோவலனுக்கு 16 வயது ஆன காலத்தில் பெற்றோர் கூடி மணம் முடித்து வைத்தனர். குலம் பார்த்தார்கள், செல்வம் பார்த்தார்கள், நல்ல நாளும் பார்த்தார்கள். ஒன்றிலும் குறையில்லை. எனினும் கோவலன் மனைவியைப் பிரிந்து மாதவியிடம் போனான்.

மாதவியோடு அவன் கொண்ட தொடர்போ தானே தேடிக்கொண்ட தொடர்பு. இருவரும் கலை வல்லவர். இருவரும் யாழ் அறிந்தவர். நம் காரைதீவிற் பிறந்த சுவாமி விபுலாநந்தர் 1947இல் வெளியிட்ட யாழ்நூல், மாதவியின் அரங்கேற்றம் கூறும் காதையில் யாழாசிரியன் பற்றி வரும் அடிகளுக்கு விளக்கமாகத் தொடங்கிய ஆராய்ச்சியன்றோ! அத்துணை நுட்பமான இசையினால் இணைந்த நெஞ்சங்கள் அவை. ஆயினும் புகார்க் கடற்கரையிலே அவன் பாடிய பாட்டில் வேறொருத்தியை எண்ணினான் என்று அவள் கருதினாள். அவள் பாடிய பாட்டில் வேறொருவனை நினைத்தாள் என்று அவன் கருதினான். கேட்டுத் தெளிந்துகொள்ள ஒரு வார்த்தை பேசினாரில்லை. அன்றே பிரிந்தனர்.

பெரியோர் பார்த்த பொருத்தமும் காக்கவில்லை; நெஞ்சு கண்ட பொருத்தமும் காக்கவில்லை. பின் எது காத்தது?

பொருளிழந்து, நாணித் திரும்பிய கணவனுக்குக் கண்ணகி தன் சிலம்பைத் தந்தாள். அவனோடு மதுரைக்கு நடந்தாள். அங்கே இடைச்சேரியில், மாதரி அளித்த மனையிலே, தன் கையால் ஆக்கி வாழைக்குருத்தில் அவனுக்குச் சோறு படைத்தாள். அப்பொழுது கோவலன் தன் பிழைகளை எல்லாம் வாய்விட்டுச் சொன்னான். கண்ணகியும் 'பரவாயில்லை' என்று மழுப்பினாளல்லள். அவன் செய்தது சான்றோர் போற்றாத ஒழுக்கம் என்று நேருக்கு நேர் கூறினாள். கூறியபின்னும் உடனிருந்தாள். அவர்கள் உயிர்த்துணையானது கலியாணப் பந்தலில் அன்று. அந்தச் சிறு மனையில், உண்மை பேசிய அந்த ஒரு பொழுதிலேதான். கண்ணகியைப் பொறுமைக்கு மாத்திரம் எடுத்துக்காட்டிப் பெண்பிள்ளைகளுக்குப் புத்தி சொல்பவர்கள் இதனை மறந்துவிடுகின்றனர்.

நம் முன்னோர் மறக்கவில்லை. வைகாசியிலே திருக்கதவு திறந்து, கலியாணக்கால் நட்டு, வழக்குரை பாடி, இறுதியிற் குளிர்த்தி செய்கிறோம். ஒரே சடங்கினுள் மணமும் உண்டு, வழக்கும் உண்டு, ஆறுதலும் உண்டு. கொம்புமுறி விளையாட்டிலோ ஊரே இரண்டாகி, ஒரு சேரி கோவலன் பக்கமும் மறு சேரி கண்ணகி பக்கமும் நின்று, கொம்போடு கொம்பு கொளுவி இழுக்கின்றது. சிங்கள மக்களும் பத்தினித் தெய்வத்துக்காக 'அங்கெலிய' என்று இதனை ஆடுவர். கணவனும் மனைவியும் சண்பகப் பூப் பறிக்கையில் கொக்கைகள் சிக்கியமையே இதன் தொடக்கம் என்பது கதை. இல்லறத்தில் இழுபறி வரும், ஒரு கொம்பு முறியும், தோற்றவரைப் பகிடியும் பண்ணுவர். பின்பு எல்லாரும் ஒரே கோயில் வாசலில் நிற்பர். இதைவிட நல்ல இல்லறப் பாடம் எது?

பெரியோர்களே! தொல்காப்பியர் காதலர்க்குரிய ஒப்புமை பத்தினைச் சொல்லும்போது குடியையும் செல்வத்தையும் சேர்த்தே சொன்னார். நிறையையும் அருளையும் உணர்வையும் உடன் வைத்தார். அடுத்து, இருக்கக்கூடாத குற்றங்களை அடுக்குகையில் வன்சொல், மறதி முதலியவற்றோடு தன் குடியை எண்ணித் தானே இன்புறுதலையும் ஒரு குற்றமாக வைத்தார். தாய்வழிக் குடி பார்த்து, மகளுக்கு வீடும் வளவும் கொடுத்து, மருமகனை வீட்டுக்கு அழைக்கும் நாடு நம்முடையது. பெண்ணுக்கு நிழல் தந்த நல்ல வழக்கம் அது. அதுவே விலைபேசும் வழக்கமாகி, வீடு கட்ட இயலாத தந்தையின் மகள் காத்திருக்க நேருமானால், குடிப்பெருமை குற்றமாகிவிட்டது என்று அறியுங்கள். பிள்ளைகள் நெஞ்சறிந்து ஒருவரைக் கூறினால், கோபிக்குமுன் ஒரு முறை கேளுங்கள்.

இளைஞர்களே! நெஞ்சு கண்டதே முடிவென்று எண்ணாதீர்கள், அது தொடக்கமே. அழகும் இசையும் இணைத்ததை ஒரு சந்தேகம் பிரித்ததைக் கண்டீர்கள். பிழை செய்தால் வாய்திறந்து சொல்லவும், பிழை கண்டால் நேரே கூறவும், கூறியபின் உடன் நிற்கவும் வல்லவர் யார் என்று பாருங்கள். அதற்குமுன், நீங்கள் அப்படிப்பட்டவர்தாமா என்று உங்களைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

இன்னுமொன்று. 2009இல் போர் ஓய்ந்தது; ஆயினும் காணாமற்போன கணவரின் படத்தைக் கையிலேந்தி நீதி கேட்டு நின்ற பெண்களை இந்த மண் கண்டது. சிலம்பைக் கையிலேந்திப் பாண்டியன் வாயிலில் நின்றவளைத் தெய்வமென்று கும்பிடும் நாம், இவர்களைக் கண்டும் காணாதவர்போற் போகலாமா? அவர்கள் வீட்டுப் பிள்ளைகளின் படிப்புக்கும் மணத்துக்கும் துணை நிற்பதை இம்மன்றம் தன் கடமையாக ஏற்கவேண்டும். உடன் நிற்பதே துணை; அது இருவரோடு முடிவதன்று, ஊருக்கும் உரியது.

கண்ணகைத் தாய் மனங்குளிர்ந்து நம் வீடுகளைக் காப்பாளாக.