பிரிட்ஜில் தகரைக் கீரை



இடவப்பாதி மழை தொடங்கிப் பத்துப் பதினைந்து நாள் ஆனால் போதும். நம் பாறசாலை, நெய்யாற்றின்கரைப் பக்கத்து ஊர்களில் தகரை முளைத்துவிடும். வேலி ஓரம், கால்வாய்க் கரை, ரப்பர் விளை எங்கும் அதுதான். விதைத்தவர் யாரும் இல்லை. காசும் கொடுக்க வேண்டாம். ஆடி மாதம், அதாவது கர்க்கடகத்தில், மழை கனத்தால் ரப்பர் வெட்டு நின்றுவிடும். கூலி வேலையும் குறையும். அப்போது பல வீடுகளில் துவரன் வைப்பது இந்தக் கீரையில்தான்.

ஆனால் தளிர் கொஞ்ச நாள்தான். பூ வந்தால் இலை முற்றிவிடும். மணத்தக்காளி, சுண்டைக்காய் போல வெயிலில் காயவைக்கலாம் என்றால், ஆடியில் வெயில் எங்கே? அதனால்தான் பிரிட்ஜில் உறைய வைக்கும் முறையைச் சொல்கிறேன். நம் வீட்டில் பிரிட்ஜ் இல்லாவிட்டாலும் பக்கத்து வீட்டில் இருக்கும். நாலு பேர் சேர்ந்து செய்யலாம்.

முதலில் இலையைத் தெரிந்துகொள்ளுங்கள். தகரையில் ஒரு காம்புக்குப் பெரும்பாலும் மூன்று ஜோடி இலை இருக்கும். நுனி உருண்டையாக இருக்கும். இதைப் போலவே பொன்னாவீரம் என்று ஒரு செடி உண்டு. அதில் நாலைந்து ஜோடி இலை. நுனி கூர்மை. கசக்கினால் கெட்ட நாற்றம். மேற்கு உத்தரப் பிரதேசத்தில் பல ஆண்டுகள் குளிர்காலம் வந்தால் சின்னக் குழந்தைகள் வாந்தி எடுத்து, நினைவிழந்து இறந்தார்கள். முதலில் மூளைக்காய்ச்சல் என்றே நினைத்தார்கள். டாக்டர் விபின் வசிஷ்டா, வேலூரில் பணியாற்றிய டாக்டர் ஜேக்கப் ஜான் முதலியோர் ஆராய்ந்தார்கள். பொன்னாவீரத்தின் காயைக் குழந்தைகள் தின்றதே காரணமாக இருக்க வேண்டும் என்று 2007இல் எழுதினார்கள். ஐரோப்பாவிலும் இதே கதைதான். அங்கே காட்டில் பூண்டு வாசம் வீசும் ஓர் இலையைப் பறித்து உறைய வைப்பார்கள். அதைப் போலவே இருக்கும் நச்சு இலையைப் பறித்து உயிர் விட்டவர்களும் உண்டு.

செடியில் இருக்கும்போது இலை தன்னை யார் என்று காட்டும். வேகவைத்துப் பிழிந்து உருண்டை பிடித்த பிறகு எது தகரை, எது பொன்னாவீரம் என்று யாராலும் சொல்ல முடியாது. அதனால் பறிக்கும்போதே பாருங்கள். சந்தேகமானால் விட்டுவிடுங்கள். பெரிய ரோட்டின் ஓரத்திலும், களைக்கொல்லி அடித்த விளையிலும் பறிக்க வேண்டாம்.

காம்பு நீக்கி, மண் போக மூன்று தண்ணீரில் அலசுங்கள். பெரிய பாத்திரத்தில் தண்ணீர் நன்றாகக் கொதிக்கட்டும். கொஞ்சம் கொஞ்சமாக இலையைப் போட்டு, இரண்டு நிமிடத்தில் அரித்தெடுத்து, உடனே குளிர்ந்த தண்ணீரில் போடுங்கள். “பச்சையாகவே வைத்தால் என்ன?” என்று ஓர் அக்கா கேட்டார். நல்ல கேள்வி. இலைக்குள் நொதிகள் உண்டு. குளிரிலும் அவை மெதுவாக வேலை செய்து நிறத்தையும் ருசியையும் கெடுக்கும். கொதிநீர் அவற்றை அடக்கிவிடும்.

ஆறியதும் பிழிந்து, ஒரு நேரத்துக்கு ஓர் உருண்டை என்று பிடியுங்கள். கவரில் போட்டு, காற்றை அழுத்தி வெளியேற்றிக் கட்டுங்கள். ஐஸ் வைக்கும் மேல்தட்டில்தான் வைக்க வேண்டும். ஒற்றைக் கதவு பிரிட்ஜில் குளிர் குறைவு. இரண்டு மாதத்துக்குள் தீர்த்துவிடுங்கள்.

உறைந்தால் கிருமி சாகாது, தூங்கும். அவ்வளவுதான். கரண்ட் போனால் கதவைத் திறக்காதீர்கள். கரண்ட் வந்த பிறகு பாருங்கள். உருண்டையில் ஐஸ் மிச்சம் இருந்தால் பயமில்லை. முழுவதும் உருகி, குளிர்ச்சியும் போயிருந்தால் உரத்துக்குப் போடுங்கள்.

இனி எழுத்து வேலை. சின்னத் தாளில் “தகரை, ஆடி 12, இரண்டு பேருக்கு” என்று எழுதுங்கள். பென்சிலால் எழுதுங்கள். பேனா மை ஈரத்தில் கலங்கும். கவருக்கு மேல் இன்னொரு கவர் போட்டு, நடுவில் தாளை வையுங்கள். பலர் சேர்ந்து ஒரே பிரிட்ஜில் வைத்தால் வீட்டுக்காரர் பெயரும் வேண்டும். பெயர் எழுதப் படித்தது இதற்கும் உதவும்தானே!

சமைக்கும்போது உருகவிட வேண்டாம். சட்டியில் கடுகு வெடித்ததும் உருண்டையை அப்படியே போட்டு, தண்ணீர் வற்றவிடுங்கள். பிறகு வேகவைத்த சக்கைக்குருவும் அரைத்த தேங்காயும் சேருங்கள். உப்பைக் கடைசியில் பார்த்துப் போடுங்கள். பிழிந்த கீரை கொஞ்சமாகத் தெரிந்தாலும் சட்டியில் விரிந்துவிடும்.