சோழியில் எண்ணிய காலமும் சித்தாந்தம் எண்ணிய காலமும்



1825-ஆம் ஆண்டு. புதுச்சேரியில் வாழ்ந்த பஞ்சாங்கக் கணிதர் ஒருவர் தரையில் சோழிகளைப் பரப்பி, ஜான் வாரன் என்பவருக்குச் சந்திர கிரகணம் ஒன்றைக் கணித்துக் காட்டினார். வாய்ப்பாடுகள் எல்லாம் அவருக்கு மனப்பாடம். மே 31 இரவு நிகழ்ந்த அந்தக் கிரகணத்துக்கு அவர் குறித்த தொடக்கத்தில் பிழை 4 நிமிடம், நடுவில் 23, முடிவில் 52. சென்னை வானாய்வகத்தில் பொறுப்பு வகித்திருந்த வாரன், அதே ஆண்டு வெளியான தம் ‘காலசங்கலித’ நூலில் இதைப் பதிவு செய்தார். கணிதரின் நினைவாற்றலைப் புகழ்ந்தார். ஆனால் வானியல் கொள்கையில் அவருக்கு ஒன்றும் புரியாது என்றும் எழுதிவிட்டார்.

இந்தத் தீர்ப்பைப் பாதிதான் ஏற்க முடியும். நூல் விளக்கம் அந்தக் கணிதருக்குத் தெரியாமல் இருந்திருக்கலாம். ஆனால் அவர் நாவில் இருந்த ‘வாக்கியங்கள்’ என்னும் வாய்ப்பாடுகளிலேயே காலத்தைப் பற்றிய துணிபு ஒன்று உண்டு. நிலவு மிக விரைவாக ஓடும் நாளிலிருந்து மறுபடி அதே விரைவை எட்டும் வரை சுமார் இருபத்தேழரை நாள். அப்படி ஒன்பது சுற்று முடிந்தால் 248 நாள். நாளுக்கு ஒரு வாக்கியம். அதன் எழுத்துகளே எண்கள். வரருசி பெயரால் வழங்கும் இந்த 248-ஐயும் சொல்லி முடித்தவர் மீண்டும் முதல் வாக்கியத்துக்கு வரலாம். நிலவின் நடை திரும்பி வரும் என்ற உறுதி இல்லாமல் இப்படி ஓர் அமைப்பு உருவாகியிருக்காது. 1952-இல் இதே முறையை ஆராய்ந்த வானியல் வரலாற்றறிஞர் நாய்கெபவர், பழைய பாபிலோனியரின் எண்கணிதத்தோடு இதற்கு உறவு கண்டார்.

காலத்தைப் பற்றிய வேறொரு துணிபு சைவ சித்தாந்தத்தில் உண்டு. புதுச்சேரியிலிருந்து அதிகத் தொலைவில் இல்லாத திருவதிகையைச் சேர்ந்தவர் மனவாசகங்கடந்தார், மெய்கண்டாரின் மாணவர். அவருடைய ‘உண்மை விளக்கம்’ காலத்தை முப்பத்தாறு தத்துவங்களில் ஒன்றாக வைக்கிறது. வைசேடிகருக்குக் காலம் அழியாத பொருள். சைவ சித்தாந்தத்துக்கோ அது மாயையில் தோன்றியது, சடம், ஒடுங்கக்கூடியது. அதற்கு மூன்று வேலை: இறந்தகாலத்தில் எல்லை காட்டுவது, நிகழ்காலத்தில் பயன் கொடுப்பது, எதிர்காலத்தில் புதுமை தருவது. நிலவுக்குத் திரும்பி வரும் காலம் உயிருக்கு அப்படித் திரும்பி வருவதில்லை; நுகர்ந்தது நுகர்ந்ததுதான், எல்லை விழுந்துவிட்டது. தமிழ்நிலத்தில் காலத்தைப் பற்றி எண்ணப்பட்டவற்றுள் இதைவிட ஆழமானது எனக்குத் தெரியவில்லை.

இந்த இரண்டையும் நாம் இரண்டு அலமாரிகளில் பூட்டி வைத்திருக்கிறோம். வாக்கியம் சோதிடர் வீட்டில். சித்தாந்தம் மடத்திலும் வகுப்பறையிலும். 1955-இல் தொடங்கிய பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் புதுச்சேரியிலேயே இருக்கிறது. புதுச்சேரியிலுள்ள சைவச் சுவடிகள் 2005-இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் இடம்பெற்றன. கணக்கும் தத்துவமும் ஒருசேரப் படிக்கப்பட இதைவிடப் பொருத்தமான ஊர் வேறு எது?

கணக்குக்கும் வானத்துக்கும் இடையிலான வேறுபாடு பழங்கதையும் அல்ல. வானத்தோடு ஒத்துவரத் திருத்திய திருக்கணிதப் பஞ்சாங்கப்படி 2025 மார்ச் 29-இல் சனிப்பெயர்ச்சி. புதுச்சேரி ஒன்றியப் பகுதியைச் சேர்ந்த காரைக்காலில் உள்ள திருநள்ளாறு கோயிலோ, வாக்கியப் பஞ்சாங்கப்படி அது 2026-இல்தான் என்று அறிவித்தது. பக்தர்கள் குழம்பினார்கள். வாக்கியத்தைத் திருத்துவது மரபுக்குத் துரோகம் என்று சிலர் வாதிடுவதைக் கேட்கும்போது எனக்கு வருத்தமாக இருக்கிறது. கேரளத்து வானியலாளர் பரமேஸ்வரர் ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் கிரகணங்களைக் கண்ணால் பார்த்தவர். கணக்கு வானத்தோடு ஒத்துவராததைக் கண்டு 1431-இல் திருக்கணித முறையை வகுத்தார். அவரும் மரபுக்குள் நின்றவர்தான். அந்த 52 நிமிடத்தை நம் கணிதர்களும் அவரைப் போலவே, வானத்தைப் பார்த்துச் சரிசெய்யலாம். சித்தாந்தம் அதைத் தடுக்கவில்லை.