வீடு மகன் பேரில் இருந்தாலும்



தோட்டத்தில் முப்பது நாற்பது வருஷம் பால்மரம் வெட்டியவர் கையில் கடைசியில் மிஞ்சுவது சேமநிதிப் பணம்; அந்தப் பணத்தில் ஒரு மலிவு விலை வீடு. மலாக்காவில் பாயா ரும்புட், செங் பக்கத்துத் தாமான்களிலும் அப்படி வீடு வாங்கியவர்கள் உண்டு. வயதானதும், நமக்குப் பிறகு பிள்ளை ஏன் ஆபீஸ் ஆபீஸாக அலையவேண்டும் என்று மகன் பேருக்கே கிரானை, அதாவது வீட்டுப் பத்திரத்தை, மாற்றிக் கொடுத்துவிடுகிறார்கள். பேர் மாற்றும் பாரம் 14ஏ-இல் கையெழுத்துப் போடப் பத்து நிமிஷம் போதும். வக்கீலுக்குக் காசு கொடுப்பவர் பெரும்பாலும் மகன். அப்படியிருக்க, அம்மாவைத் தனியாக உட்காரவைத்து விளக்கம் சொல்ல யாருக்கு அக்கறை?

பிறகு சில வீடுகளில் பேச்சு மாறுகிறது. "இது என் வீடு, இஷ்டமில்லைன்னா கெளம்பு." அதட்டல், தள்ளல், சில நாள் அடி. சமூக நல இலாகா மாதம் போடும் 600 வெள்ளிக்கான வங்கி அட்டை மகனின் சட்டைப்பையில். கன்னம் வீங்கியிருக்கிறதே என்று கேட்டால், குளியலறையில் வழுக்கி விழுந்தேன் என்பார். நெருங்கிக் கேட்டால், "வீடே அவன் பேர்ல இருக்கு, நான் என்னான்னு போய்ச் சொல்றது?"

போய்ச் சொல்லலாம். மலேசியாவின் 1994-ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைச் சட்டம் கணவன் மனைவிக்கு மட்டும் என்றுதான் பலர் நினைத்துக்கொண்டிருக்கிறோம். தாய் தகப்பனும் அதில் அடக்கம். அடித்தால்தான் குற்றம் என்றும் இல்லை. மனம் நோகடிப்பது, அறையில் பூட்டிவைப்பது, நேர்மையில்லாமல் பணத்தை எடுத்துக்கொண்டு பெற்றவரைத் தவிக்கவிடுவது எல்லாம் அதில் வரும். அந்தக் கடைசி விஷயம், 2018 ஜனவரியில் அமலுக்கு வந்த திருத்தத்தில் சேர்ந்தது.

இனி வீட்டு விஷயம். வழக்கு நீதிமன்றத்துக்கு வந்து பாதுகாப்பு உத்தரவு போடும்போது, தேவைப்பட்டால் அடித்தவரை வீட்டைவிட்டு வெளியேற்றி, பாதிக்கப்பட்டவர் மட்டும் அங்கே குடியிருக்க நீதிமன்றம் அனுமதி கொடுக்கலாம். இருவரும் சேர்ந்து வாழ்ந்த வீடாக இருந்தால் போதும். கிரானில் மகன் பேர் மட்டுமே இருந்தாலும் அது தடையில்லை என்று சட்டமே எழுதிவைத்திருக்கிறது. உத்தரவு ஓராண்டு வரை நிற்கும், நீட்டிக்கவும் வழியுண்டு. மீறினால் சிறைக்கும் போகலாம்.

அடி பட்டவரும், அடி விழும் என்ற பயத்தில் இருப்பவரும் அதுவரை காத்திருக்கவேண்டாம். சமூக நல அதிகாரியே அவசரப் பாதுகாப்பு உத்தரவு கொடுப்பார். அதற்குப் போலீஸ் ரிப்போர்ட்கூடத் தேவையில்லை. ஏழு நாள் செல்லும். அந்த ஏழு நாளுக்குள் ரிப்போர்ட் செய்துவிட்டால், விசாரணை முடியும்வரை நிற்கும் இடைக்கால உத்தரவுக்கு மாஜிஸ்திரேட்டு நீதிமன்றத்தில் மனு போடலாம். காயம் இருந்தால் முதலில் அரசு மருத்துவமனைக்குப் போய்விடுங்கள். டாக்டர் எழுதும் குறிப்பு பின்னால் சாட்சியாகும்.

ஒன்றை ஒளிக்காமல் சொல்லவேண்டும். இவ்வளவும் ஆளைக் காப்பாற்றும். கிரானைத் திருப்பித் தராது. இந்தியாவின் 2007-ஆம் ஆண்டுப் பெற்றோர் பராமரிப்புச் சட்டத்தில், பார்த்துக்கொள்ளவேண்டும் என்ற நிபந்தனையோடு எழுதிக்கொடுத்த சொத்தை, பிள்ளை பார்க்காவிட்டால் தீர்ப்பாயமே ரத்து செய்யலாம். சிங்கப்பூரில் 1995-லேயே பெற்றோர் பராமரிப்புக்கென்று சட்டம் வந்துவிட்டது. மலேசியாவிலோ, பேர் மாற்றிய வீட்டை மீட்க, மோசடி என்றோ மிரட்டி வாங்கிய கையெழுத்து என்றோ வழக்காடி நிரூபிக்கவேண்டும். அதனால்தான் சொல்கிறேன், உயில் எழுதுங்கள். உயிரோடு இருக்கும்வரை எத்தனை தடவை வேண்டுமானாலும் மாற்றி எழுதலாம். பிள்ளை கோபித்துக்கொண்டால் கோபித்துக்கொள்ளட்டும்.

பக்கத்து வீட்டுக்காரர்களுக்கும் ஒரு வார்த்தை. சத்தம் கேட்கிறது, நமக்கேன் வம்பு, நாளைக்கு மானநஷ்ட வழக்குப் போட்டால் என்ன செய்வது என்று இருந்துவிடாதீர்கள். நல்ல எண்ணத்தோடு தகவல் கொடுப்பவர்மேல் அவதூறு வழக்குச் செல்லாது என்று குடும்ப வன்முறைச் சட்டமே சொல்கிறது. தாலியான் காசே உதவித் தொலைபேசி எண் 15999. இரவு பகல் எந்நேரமும் எடுப்பார்கள். அந்த நேரத்திலேயே அடிதடி நடந்தால் 999.