தபால் சேவகர்களும் ஊர் மாற்றலும்

(சிங்காநல்லூர்க் கூட்டத்தில் பேசியதன் சாரம்)



இன்று நாம் சாமியைப் பற்றியோ சடங்கைப் பற்றியோ பேச வரவில்லை. கிராமத்துத் தபாலாபீசில் வேலை பார்ப்பவர்கள் வேறு ஊருக்கு மாற்றல் கேட்டால், அது ஏன் இவ்வளவு தகராறாகிறது என்பதைப் பற்றியே சில வார்த்தைகள் சொல்ல ஆசைப்படுகிறோம். இது யாரோ சிலருடைய உத்தியோகச் சங்கதி என்று தள்ளிவிடாதீர்கள். 2018ல் சர்க்கார் கொடுத்த கணக்குப்படியே இவர்கள் நாடெங்கும் 3 லட்சத்துக்கு மேல்.

முதலில் இவர்களுக்கு இடப்பட்ட பெயரைப் பாருங்கள். வெகுகாலம் இவர்கள் 'இலாகாவுக்குப் புறம்பான ஏஜெண்டுகள்'. பை இலாகாவுடையது, முத்திரை இலாகாவுடையது, பணமும் இலாகாவுடையது. சுமக்கிற ஆள் மட்டும் புறம்பு! வேலையெல்லாம் வாங்கிக்கொண்டு சேரியை ஊருக்குப் புறம்பாக வைத்த புத்திதானே இது? இவர்கள் வகிப்பதும் சர்க்கார் பதவிதான், விசாரணையின்றி வீட்டுக்கு அனுப்பக்கூடாது என்று 1977ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புச் சொல்லிற்று. பிறகு 2001ல் வந்த விதிகளில் பெயர் மாறிற்று. என்னவாக? 'கிராமத் தபால் சேவகர்' என்பதாக! ஊழியர் என்று சொல்ல அப்போதும் வாய் வரவில்லை. சேவகனுக்குச் சம்பளம் எதற்கு, புண்ணியம் போதாதா என்கிற எண்ணம் போலும்.

நிற்க, மாற்றல் விஷயத்துக்கு வருவோம். அந்தக் காலத்தில் உள்ளூர் வாத்தியாரோ, மளிகைக் கடைக்காரரோ, கொஞ்சம் பூமியுள்ளவரோ இந்த வேலையை ஒரு உபதொழிலாகப் பார்த்தார். அவருக்கு மாற்றல் என்ற பேச்சே எழ நியாயமில்லை. இன்றைக்கோ பத்தாம் வகுப்பு மார்க்கை வைத்து, மாநிலம் முழுவதிலுமிருந்து இணையத்தின் வழியாக ஆள் எடுக்கிறார்கள். ஜாதியும் சிபாரிசும் பார்க்காமல் மார்க்கைப் பார்ப்பது நல்லதுதான். அதை நாம் குறை சொல்லவில்லை. ஆனால் ஆளை எடுக்கும் முறை மாறிய பிறகும் விதி மட்டும் பழைய கடைக்காரருக்கு எழுதிய விதியாகவே இருந்தால் என்ன செய்வது? வேலை பார்க்கும் ஊரிலேயே குடியிருக்க வேண்டுமாம். கிளைப் போஸ்ட் மாஸ்டரானால் ஆபீசுக்கு இடமும் அவரே தேட வேண்டுமாம். அதற்கு மேல், பிழைப்புக்கு வேறு வருமானமும் உண்டென்று எழுதிக் கொடுக்க வேண்டுமாம். திருநெல்வேலிச் சீமையிலிருந்து வந்த பெண்ணுக்குப் பல்லடத்தில் தோட்டம் ஏது, தறி ஏது? 2018ல் இரண்டு வாரத்துக்கு மேல் வேலைநிறுத்தம் செய்த பின் நிர்ணயமானதே, பஞ்சப்படி நீங்கலாக, 4 மணி நேர வேலைக்குச் சேவகருக்கு 10,000 ரூபாய், போஸ்ட் மாஸ்டருக்கு 12,000 ரூபாய்தான். இதில் வாடகை எவ்வளவு, வயிற்றுக்கு எவ்வளவு?

பெண்கள் கதி இன்னும் மோசம். கல்யாணமானால் பெண்தான் புருஷன் ஊருக்குப் போகவேண்டும் என்று வைத்திருக்கிறீர்கள். ஏன், புருஷன் வரக்கூடாதா என்று நாம் கேட்டால் சிரிக்கிறீர்கள். சரி, அவள்தான் போகவேண்டுமென்றால் அவள் வேலையும் கூடப் போக வேண்டாமா? 2006ஆம் வருஷத்து உத்தரவோ, வேலைக் காலம் முழுவதற்கும் சாதாரணமாக ஒரே ஒரு மாற்றல் என்றது. அந்த ஒன்றைப் பிறந்த வீட்டுக்குப் பக்கத்தில் வருவதற்குச் செலவழித்தவள், கல்யாணத்துக்குப் பின் எங்கே போவாள்? மருதமலைக்கு நேர்ந்துகொள்வாள், சனிப் பெயர்ச்சி ஆனால் ஊர்ப் பெயர்ச்சியும் ஆகும் என்று ஜோசியன் தட்சணை வாங்குவான். சர்க்கார் நியமித்த கமலேஷ் சந்திரா கமிட்டியே 2016ல், ஆண்களுக்கு மூன்று தடவை, பெண்களுக்குக் கணக்கே வேண்டாம் என்று சிபாரிசு செய்தது. கமிட்டிக்காரர்கள் நம் கட்சியார் அல்ல!

அந்த 2006 உத்தரவில் இன்னொன்றும் உண்டு. தானாகக் கேட்டு மாறுகிறவர் புது இடத்தில் எல்லோருக்கும் இளையவராகிவிடுவார். பத்து வருஷம் பை சுமந்தவர் நேற்று வந்தவருக்குக் கீழே! நிரந்தரத் தபால் ஊழியர்களுக்கும் இதே கதிதானே என்று ஆட்சேபிப்பார்கள். வாஸ்தவம். ஆனால் அவர்களுக்கு முழுநேரச் சம்பளமும் வீட்டு வாடகைப் படியும் உண்டே. நன்மை வரும்போது "நீ இலாகா ஆள் அல்ல", நஷ்டம் வரும்போது "நீயும் இலாகா ஆள்தான்" என்றால், இவர்கள் எந்தக் கணக்கில்தான் சேர்த்தி? அடுத்த தடவை தபால் கொண்டுவருகிறவரை நிறுத்தி, எந்த ஊர், எத்தனை வருஷமாயிற்று, மாற்றல் கேட்டிருக்கிறாரா என்று விசாரித்துப் பாருங்கள்.