ஒரு கீரைப் பாட்டின் கதை

(ராஜபாளையத்தில் மில் தொழிலாளர், விவசாயத் தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய உரை)



பகல் ஷிப்டு முடித்து வந்திருக்கிறீர்கள். ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பக்கத்துக் கிராமங்களிலிருந்து களையெடுப்பு முடித்தும் வந்திருக்கிறீர்கள். உடம்பு அசதியாக இருக்கும். ஆகவே ஒரு பாட்டின் கதையைச் சொல்கிறேன். அது இந்தோனேஷியாவில் பிறந்த கீரைப் பாட்டு.

ஜாவாத் தீவின் கிழக்குக் கோடியில் பன்யுவாங்கி என்றொரு ஊர். 1942-ல் ஜப்பானியப் படை அந்த நாட்டைப் பிடித்தது. விளைந்த நெல்லைப் படைக்கு அள்ளிக்கொண்டு போனார்கள். ஜனங்கள் பட்டினி. வயலில் களையாக முளைக்கும் கெஞ்ஜெர் என்ற கீரையைப் பறித்து வேகவைத்துத் தின்றார்கள். அந்த ஊர்க் கலைஞர் முகம்மது அரீப் இதையே பாட்டாகக் கட்டினார். ஒரு தாய் கீரை பறிக்கிறாள், சந்தைக்குக் கொண்டுபோகிறாள், அது சோற்றோடு இலைக்கு வருகிறது. பாட்டில் இருப்பது இவ்வளவுதான். பஞ்ச காலத்தில் கீரை தின்று உயிர் வளர்த்த கதையை நம் பாட்டிமாரும் சொல்லியிருக்கிறார்கள் அல்லவா?

அதே ஜாவாவில் லுட்ருக் என்ற நாடகம் உண்டு. நம் ஸ்பெஷல் நாடகம் மாதிரிதான். பெண் வேஷமும் ஆண்களே கட்டுவார்கள். கோமாளி மேடைக்கு வந்து ஊர் நியாயத்தைப் பாட்டாகப் பாடுவான். பார்க்க வருகிறவர்கள் கூலிக்காரர்கள். சுரபாயா நகரத்துக் கோமாளி சாக் துராசிம், ஜப்பான்காரன் வந்த பிறகு துன்பம் கூடிவிட்டது என்று மேடையிலேயே பாடினார். பிடித்துப் போய்ச் சித்திரவதை செய்தார்கள். 1944-ல் மாண்டார்.

இதைக் கேட்கும்போது உங்களுக்கு யார் ஞாபகம் வருகிறது? பக்கத்துச் சிவகாசியில் 1886-ல் பிறந்த விசுவநாத தாஸ்! நாவிதர் குலத்தில் பிறந்தவர் என்று ஒதுக்கப்பட்டவர். ‘வள்ளி திருமண’த்தில் முருகன் வேஷம் கட்டிக்கொண்டு, தினைப்புனத்துக் கொக்கை விரட்டும் சாக்கில் வெள்ளைக்காரனை விரட்டப் பாடினார். பலமுறை சிறை போனார். 1940 டிசம்பர் 31-ல் சென்னையில் முருகன் வேஷத்தோடு மேடையிலேயே உயிர் விட்டார். கடல்தான் நடுவில் இருக்கிறது. இருவர் கதையும் ஒன்றுதான்.

இனி கீரைப் பாட்டுக்கு வருவோம். சுதந்திரத்துக்குப் பிறகு அது நாடெங்கும் பரவியது. லிலிஸ் சூர்யானி, பிங் ஸ்லாமெட் போன்ற பிரபல பாடகர்கள் இசைத்தட்டில் பாடினார்கள். கம்யூனிஸ்டுகள் கூட்டங்களிலும் பாடினார்கள்.

1965 அக்டோபர் முதல் தேதி விடிவதற்குள் ஜகார்த்தாவில் ஆறு தளபதிகள் கொல்லப்பட்டார்கள். ராணுவத்தின் பத்திரிகைகள் ஒரு புளுகைக் கிளப்பின: மாதர் இயக்கப் பெண்கள் இந்தப் பாட்டைப் பாடி ஆடிக்கொண்டே தளபதிகளின் உடலைச் சிதைத்தார்களாம்! பிரேதப் பரிசோதனை செய்த டாக்டர்களின் அறிக்கையில் அப்படிப்பட்ட சிதைப்பு எதுவும் இல்லை. ஆனால் அந்த அறிக்கை பல வருஷம் கழித்து, 1987-ல்தான் அச்சில் வந்தது. அதற்குள் புளுகு தன் வேலையை முடித்துவிட்டது. குறைந்தது ஐந்து லட்சம் பேர் கொல்லப்பட்டார்கள். அவர்களில் விவசாயிகள், தோட்டத் தொழிலாளர்கள், ஆசிரியர்கள், லுட்ருக் கலைஞர்கள் உண்டு. பாட்டுக் கட்டிய அரீபும் உயிரோடு வீடு திரும்பவில்லை. சுகார்த்தோ ஆட்சி 1998-ல் விழும்வரை அந்தப் பாட்டை வாய்விட்டுப் பாட ஜனங்கள் அஞ்சினார்கள்.

ஒரு கீரைப் பாட்டுக்கு ஏன் இவ்வளவு பயம்? அதில் யாரையும் திட்டவில்லை. ஆயுதம் எடு என்று சொல்லவில்லை. ஏழையின் பசியை ஏழையின் வாயாலேயே சொன்னது. சேர்ந்து பாடிய ஜனங்கள் சேர்ந்து நிற்கவும் கற்றார்கள். சுரண்டுகிறவனுக்கு அதுவே பெரிய அபாயம்.

ஆனாலும் பாட்டு சாகவில்லை. வீட்டுக்குள்ளே முணுமுணுத்தவர்கள் அதைக் காப்பாற்றினார்கள். இன்று இளைஞர்கள் மறுபடி பாடுகிறார்கள்.

நம் கதை என்ன? நடவு இயந்திரம் வந்துவிட்டது. குலவையும் நடவுப் பாட்டும் வயலிலிருந்து போய்க்கொண்டிருக்கின்றன. இங்கே யாரும் தடை போடவில்லை; நாமே மறந்துகொண்டிருக்கிறோம். தோழர்களே, உங்கள் தெருவில் பாட்டுத் தெரிந்த கிழவி ஒருத்தி இருப்பாள். நாளைக்கே போய் அவள் பக்கத்தில் உட்காருங்கள். ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கி எழுதிக்கொள்ளுங்கள். அடுத்த கூட்டத்தில் அதைப் பாடியே துவக்குவோம்.